இனந்தெரியாதவை

மாங்குளத்திலிருந்து ஒட்டுசுட்டான் வரை
வீதியில் செத்துக் கிடப்பவற்றை எண்ணுவது என் வேலை.
பதினொரு மாத ஒப்பந்தம்.
விடியப்புறம் ஐந்தரைக்கு றூபனின் மோட்டார்சைக்கிள்,
பின்னால் நான்,
மடியில் படிவக்கட்டு, அடிமட்டம், இரப்பர்க் கையுறை.

படிவத்தில் ஏழு கூடுகள்:
இராச்சியம் கணம் வகுப்பு வருணம்
குடும்பம் சாதி இனம்.
உயர்தரத்தில் பாடமாக்கிய ஒழுங்கு.
மூன்றாந்தரம் எழுதித்தான் சித்தியடைந்தேன்,
அப்போது எந்தச் சொல்லும் உறுத்தவில்லை.
இப்போது ஆறாவது கூட்டில் பேனா நிற்கிறது.
சாதி கேட்ட எந்தப் படிவமும்
நல்லதுக்குக் கேட்டதில்லை.
ஏழாவதைக் கேட்டவர்கள் சீருடையில் இருந்தார்கள்.

தெரியாவிட்டால் 'இனந்தெரியாதது' என்று எழுதச் சொன்னார்கள்.
ஆட்களைச் சுட்டுவிட்டுப் போனவர்களுக்கு
பேப்பரில் போடுகிற அதே சொல்.
இங்கே அது
அடிபட்டுக் கிடப்பதற்கு.

பனிக்கன்குளம் பக்கம் திரும்பும் சந்தியில் ஒரு புடையன்,
தோல்வார் போலத் தட்டையாய்.
இலேசான வேலை: ஊர்வன.
இரண்டு தேரை,
தலையில்லாத பக்கிக் குருவி ஒன்று,
சருகுமான் குட்டி, அதன் குளம்பு என் சின்னவிரல் நகமளவு.

கரிப்பட்டமுறிப்பில் அழுங்கு.
உடம்பு முழுக்க ஓடு,
புரட்டினால் வயிற்றில் முலை, பால் கசிந்து காய்ந்திருந்தது.
"மீனோ பாம்போ, என்ன இழவு இது?" என்றான் றூபன்.
முலையூட்டி, என்றேன்.
அதன் வருணத்தில் ஒரே ஒரு குடும்பம்தான்.
சம்பந்தம் பேசிப் போக வேறு வீடில்லை.
லொறி கிட்ட வந்தபோது அது ஓடவில்லை,
சுருண்டிருக்கிறது.
அதற்குத் தெரிந்த பாதுகாப்பு அவ்வளவுதான்.
நாங்களும் ஒரு மாசிமாதம் மண்ணுக்குள்
முழங்காலில் நாடி முட்டக் கிடந்தோம்.
இதை எழுதக் கூடு இல்லை.
நீளம் எழுபத்தெட்டு சென்ரிமீற்றர் என்று எழுதினேன்.

ஒலுமடுவுக்கு இப்பால் மாடு.
இரவு பஸ் அடித்திருக்கும்.
இராச்சியம் விலங்கு, கணம் முதுகுநாணி,
இரட்டைக்குளம்பு, மாட்டுக்குடும்பம்,
இதுவரை பேனா தடுக்கவில்லை.
அடியில் ஒரு கேள்வி, ஒன்றில் மட்டும் சரி போடவும்:
வீட்டு விலங்கு. காட்டு விலங்கு.

"குழுமாடு," என்றான் றூபன்.
கயிறு கண்டு கனகாலமான கழுத்து,
வாலில் காட்டு ஒட்டுண்ணி,
கொம்பு வளையங்களை எண்ணினால் நல்ல கிழடு.
பின்தொடையில் மயிரை ஒதுக்கிப் பார்த்தான்.
சுட்ட குறி. தோலோடு இழுபட்டு எழுத்து அகன்றிருந்தது:
சி, த.
விரலால் தடவி வாசித்தான், குருடன் வாசிப்பது போல.
"சின்னராசா தங்கேசன்ர.
முத்தையன்கட்டு, இடதுகரை."

"ஆள்?"

"அந்தாளுக்கும் படிவம் நிரப்பிக் குடுத்தவை.
பெண்சாதி மூன்றுதரம் நிரப்பினது."

வெளிக்கிட்ட அன்று எல்லாரும்
மாட்டுக்கயிற்றை அவிழ்த்துத்தான் விட்டார்கள்.
கட்டையில் நின்று செத்துப்போகக் கூடாதென்று.
அவிழ்த்ததும் சில மாடுகள் பின்னாலேயே வந்தன.
இது வரவில்லைப் போல.
காட்டுக்குள் போய்,
கன்று போட்டு, பால் கறக்க ஒருவரும் வராமல்,
தன் பாலைத் தன் கன்றுக்கே முழுதாய்க் கொடுத்து,
இத்தனை வருசம்.

சரி போடாமல்
குறிப்பு என்ற இடத்தில்
'அவிழ்த்துவிடப்பட்டது' என்று எழுதினேன்.
பின்னேரம் கந்தோரில் கணினிக்கு ஏற்றுகிற பிள்ளை
ரெலிபோன் எடுத்தாள்:
அக்கா, அது ரெண்டில ஒண்டைத்தான் எடுக்குது.

அடுத்தநாளும் அதே வீதி.
மாட்டை யாரோ இழுத்துப்போய்விட்டார்கள்,
தாரில் கொஞ்சம் மயிர்.
முதிரை மரத்தடியில் ஒரு நாம்பன்கன்று,
தொடையில் ஒரு எழுத்தும் இல்லை.
றூபன் எஞ்சினை நிறுத்தி
நாக்கைச் சொடுக்கினான், பட்டிக்காரன் மாதிரி.
அந்தச் சத்தத்தை
அது பிறந்த நாளிலிருந்து கேட்டிருக்கவே மாட்டாது.

காது இரண்டும் எங்கள் பக்கம் திரும்பின.
உடம்பு காட்டுப் பக்கமே நின்றது.